பொங்காத சாக்பீஸ்

உங்கள் வீட்டில் பள்ளிக்குப் போகும் பிள்ளைகள் இருந்தால், ஏதாவது ஒரு மூலையில் ஒரு துண்டு சாக்பீஸ் கட்டாயம் கிடக்கும். அதைத் தேடி எடுத்துப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இந்தக் கட்டுரையைப் படியுங்கள். கடைசியில் அது தேவைப்படும்.

இதை எழுதும்படி என்னைத் தூண்டியது ஓர் அவமானம் என்றுதான் சொல்ல வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கிராமத்துப் பள்ளியின் அறிவியல் விழாவில் பேச அழைத்திருந்தார்கள். நான் பௌதிக ஆசிரியன். ஆனாலும் அன்று பௌதிகம் பேசவில்லை. கரும்பலகை அருகே கிடந்த சாக்பீஸை எடுத்து உயர்த்திக் காட்டி, "இது என்ன தெரியுமா? பல கோடி ஆண்டுகளுக்கு முன் கடலில் வாழ்ந்த நுண்ணுயிர்களின் ஓடு! நீங்கள் கரும்பலகையில் ஒரு கோடு போடும்போதெல்லாம் ஆயிரமாயிரம் உயிர்களின் மிச்சத்தைத் தேய்க்கிறீர்கள்" என்றேன். கைதட்டல் பலமாக இருந்தது. கல்லூரியிலும் ஏழெட்டு ஆண்டுகளாக இதே பேச்சைப் பேசிக் கைதட்டல் வாங்கியவன் நான்.

கூட்டம் கலைந்தபின் எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி வந்தாள். கையில் ஒரு சோதனைக் குழாய். அதில் நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலம். அதற்குள் சாக்பீஸ் துண்டு ஒன்று அமைதியாகக் கிடந்தது. "சார், கடல் ஓடுன்னா கால்சியம் கார்பனேட்டுதானே? அமிலத்துல போட்டா பொங்கணும்னு பாடத்துல இருக்கு. இது பொங்கவே இல்லையே சார்?"

கிளிஞ்சலைப் போட்டால் பொங்கும். முட்டை ஓட்டைப் போட்டால் பொங்கும். சுவரிலிருந்து பெயர்ந்த பழைய சுண்ணாம்புக் காரையைப் போட்டாலும் பொங்கும். அமிலம் பட்டதும் கார்பனேட்டிலிருந்து கார்பன் டை ஆக்ஸைடு வாயு குமிழ் குமிழாகக் கிளம்பும். அந்தப் பெண்ணின் குழாயில் ஒரு குமிழி கூட இல்லை. சாக்பீஸில் இருந்த காற்று மட்டும் முதலில் கொஞ்சம் வெளியேறியிருக்கும், அவ்வளவுதான். நான் என்ன பதில் சொன்னேன் என்பது சரியாக நினைவில்லை. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லியிருக்கக்கூடும்.

நான் பேசியது முழுப் பொய் அல்ல. வேறொரு பொருளைப் பற்றிய உண்மையை இந்தப் பொருளின் மேல் ஏற்றிச் சொல்லிவிட்டேன். அந்த வேறொரு பொருளைத்தான் நம் பெரியவர்கள் சீமைச் சுண்ணாம்பு என்றார்கள். இங்கிலாந்தின் தென்கரையில் டோவர் நகருக்கருகே கடலோரம் வெள்ளை வெளேரென்று நிற்கும் பாறைச் சுவர்கள் அந்தச் சீமைச் சுண்ணாம்பால் ஆனவை. ஆங்கிலத்தில் சாக் என்ற பெயர் முதலில் அந்தப் பாறைக்குத்தான் உரியது.

1836 இல் ஜெர்மன் விஞ்ஞானி எஹ்ரன்பர்க் அந்தப் பாறைத் தூளை நுண்பெருக்கியில் வைத்துப் பார்த்து, மிக நுண்ணிய வட்டத் தகடுகள் இருப்பதைக் கண்டார். 1857 இல் அட்லாண்டிக் கடலடியில் தந்திக் கம்பி போடுவதற்காக ஆழம் பார்க்கப் போன பிரிட்டிஷ் கப்பல் ஒன்று, கடலடிச் சேற்றையும் அள்ளி வந்தது. அதைச் சோதித்த தாமஸ் ஹக்ஸ்லி அதிலும் அதே போன்ற தகடுகளைக் கண்டு அவற்றுக்குக் காக்கோலித் என்று பெயரிட்டார். அவை உயிரோடு சம்பந்தம் இல்லாதவை என்றே அவர் முதலில் கருதினார். 1861 இல் ஹென்றி ஸார்பி என்பவர் அந்தத் தகடுகள் தட்டையானவை அல்ல, குழிந்தவை என்று காட்டி, உயிர்கள் உண்டாக்கியவைதாம் என்று வாதிட்டார். ஸார்பி சொன்னதே சரி. கடலின் மேற்பரப்பில் மிதக்கும் ஒருவகை நுண்பாசி தன்னைச் சுற்றி அடுக்கிக்கொள்ளும் கவசத் தகடுகள் அவை. ஒரு தகட்டின் அளவு ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் சில பங்குதான்.

1868 இல் நாரிச் நகரில் தொழிலாளர்கள் முன்னிலையில் ஹக்ஸ்லி சொற்பொழிவாற்றினார். தலைப்பு, ஒரு துண்டு சாக். தச்சர்கள் கோடு போடுவதற்காகக் கால்சட்டைப்பையில் வைத்திருக்கும் அந்தத் துண்டிலிருந்து தொடங்கிப் பூமியின் பழங்கதை முழுவதையும் அவர் விரித்தார். விஞ்ஞானத்தைப் பொதுமக்களுக்குச் சொல்வது எப்படி என்பதற்கு இன்றும் எடுத்துக்காட்டாகச் சொல்லப்படும் பேச்சு அது. நான் திருடிய பேச்சும் அதுதான். ஆனால் ஹக்ஸ்லியின் தச்சர் பையில் இருந்தது பாறையிலிருந்து வெட்டிய உண்மையான சாக். என் கையில் இருந்தது வேறு.

அந்த வேறு என்ன என்பதை நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொண்டிருக்கலாம். படிக்கவும் செய்தேன். ஆனால் மனதில் பதியும்படி சொல்லிக்கொடுத்தது என் வீட்டுப் பிள்ளைகள்.

தெருவில் எழுதும் ஆசை

எங்கள் தெருவுக்குச் சிமெண்டுச் சாலை போட்டார்கள். மகளுக்குப் பத்து வயது, மகனுக்கு ஏழு. சாலை காய்ந்த மறுநாளே பாண்டிக் கட்டம் போட ஆரம்பித்துவிட்டார்கள். நம் காலத்தில் இதற்கு ஓட்டுத் துண்டும் அடுப்புக்கரியும் போதும். இவர்களுக்குச் சாக்பீஸ் வேண்டும். அதுவும் கலர் சாக்பீஸ். சொரசொரப்பான சிமெண்டில் மெல்லிய சாக்பீஸ் நாலு கட்டத்துக்குத் தாங்காது, மளுக்கென்று ஒடிந்துவிடும். வெளிநாட்டுப் பிள்ளைகள் நடைபாதையில் எழுதுவதற்குக் கட்டைவிரலை விடப் பருமனான சாக்குகள் கிடைக்கும். அவற்றை எங்கோ படத்தில் பார்த்துவிட்டு, "அப்பா, நாமே குண்டு சாக்பீஸ் செய்யலாமா?" என்று கேட்டாள் மகள்.

வகுப்பறைகளில் ஒடிந்து கிடக்கும் துண்டுகளைப் பொறுக்கி வந்தேன். அரைத்துத் தண்ணீர் விட்டுப் பிசைந்து, தடிமனாக உருட்டிக் காயவைத்தால் போயிற்று என்பது என் எண்ணம். மகள் அம்மிக்கல்லில் அரைத்தாள். மகன் பிசைந்தான். மூன்று நாள் வெயிலில் வைத்தோம். காய்ந்தது, ஆனால் தொட்டால் மாவாக உதிர்ந்தது. சாக்பீஸ் செய்யும் மாவில் தண்ணீர் விட்டால் பத்து நிமிடத்தில் கல்லாக இறுகுகிறது. அதே சாக்பீஸை அரைத்துத் தண்ணீர் விட்டால் ஏன் இறுகவில்லை? "மாவு செத்துப்போச்சு" என்றான் மகன்.

இந்தக் கேள்விக்குப் பதில் தேடினால் 1765 ஆம் ஆண்டு பாரிஸுக்குப் போக வேண்டியிருக்கிறது.

வெள்ளை மலை

பாரிஸ் நகரின் வடக்கில் மோன்மார்த்ர் என்று ஒரு குன்று உண்டு. இன்று ஓவியர்களுக்கும் உல்லாசப் பயணிகளுக்கும் பெயர்போன இடம். ஒரு காலத்தில் அது சுரங்கம் தோண்டித் தோண்டிக் குடையப்பட்ட குன்று. தோண்டியது ஜிப்சம் என்ற மென்மையான கல்லை. நகத்தால் கீறினாலே கோடு விழும். அதைச் சூளையில் சுட்டுப் பொடித்தால் வரும் வெள்ளை மாவுதான் பாரிஸ் சாந்து, அதாவது பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ்.

பாரிஸ்காரர்கள் பெயரைத் தட்டிக்கொண்டு போனார்களே தவிர, சாந்தைக் கண்டுபிடித்தவர்கள் அவர்கள் அல்லர். எகிப்தியப் பிரமிடுகளின் கற்களுக்கு இடையே பூசியிருக்கும் சாந்தும் பெரும்பாலும் ஜிப்சத்தைச் சுட்டுச் செய்ததே. ஆனால் இந்தச் சாந்தைப் பாரிஸ் நகரம் உபயோகித்த அளவுக்கு வேறு எந்த நகரமும் உபயோகித்ததா என்பது சந்தேகம். அதற்கு ஒரு காரணம் உண்டு. 1666 இல் லண்டன் மாநகரம் தீப்பிடித்து எரிந்தது. மர வீடுகள் நெருக்கமாக நின்றதால் தீ தாவித் தாவிப் பரவியது. அதைக் கண்டு பிரெஞ்சு மன்னர் பதினான்காம் லூயி, பாரிஸ் வீடுகளின் மரச்சட்டங்கள் மேல் சாந்து பூச வேண்டும் என்று 1667 இல் ஆணையிட்டார். சாந்து பூசிய மரம் சட்டென்று தீப்பிடிக்காது. ஏன் என்பது அன்று மன்னருக்கும் தெரியாது, கொத்தனாருக்கும் தெரியாது. காரணத்தைச் சற்றுப் பின்னால் பார்க்கலாம். என் மகனின் கேள்விக்கும் இதற்கும் ஒரே பதில்தான்.

இந்தக் குன்றின் ஜிப்சத்தைத்தான் அந்துவான் லவாய்சியர் என்ற இளைஞர் தம் முதல் ஆராய்ச்சிக்கு எடுத்துக்கொண்டார். பின்னாளில் ஆக்ஸிஜனுக்குப் பெயரிட்டு, எரிதல் என்றால் என்ன என்று விளக்கி, நவீன ரசாயனத்தின் தந்தை என்று புகழப்பட்டவர். 1794 இல் பிரெஞ்சுப் புரட்சியின்போது கில்லட்டினில் தலையைக் கொடுத்தவர். பாடப்புத்தகத்தில் இவ்வளவும் வரும். ஜிப்சம் வராது. 1765 இல் பிரெஞ்சு விஞ்ஞானக் கழகத்தின் முன் தம் முதல் கட்டுரையை வாசித்தபோது அவருக்கு வயது 21. கழகத்தில் அவர் உறுப்பினர் கூட இல்லை.

அவர் செய்தது மிக எளிய காரியம். ஜிப்சத்தைச் சூடாக்கினார். ஆவி கிளம்பியது. சும்மா போகவிடாமல் அதைக் குளிரவைத்துப் பிடித்துப் பார்த்தார். வெறும் தண்ணீர்! உலர்ந்த கல்லுக்குள்ளிருந்து தண்ணீர். கல் அந்த அளவுக்கு எடை குறைந்திருந்தது. பிறகு சுட்ட மாவில் தண்ணீர் விட்டார். சூளையில் இழந்த தண்ணீரை மாவு ஆவலோடு திரும்ப எடுத்துக்கொண்டு மறுபடியும் ஜிப்சமாகவே ஆகிவிட்டது. சாந்து இறுகுவது என்பது வேறொன்றும் இல்லை, இழந்த நீரை மீட்டுக்கொண்டு மீண்டும் படிகமாவதுதான் என்று முடிவுக்கு வந்தார்.

இன்று நாம் இதைப் படிகநீர் என்கிறோம். ஜிப்சத்தில் ஒவ்வொரு கால்சியம் சல்பேட்டு மூலக்கூறுக்கும் இரண்டு நீர் மூலக்கூறுகள் துணையிருக்கின்றன. கல்லின் எடையில் சுமார் 21 சதவீதம் நீர். நூறு கிராம் கல்லைக் கையில் பிடித்தால் ஏறத்தாழ ஒன்றரை மேசைக்கரண்டித் தண்ணீரையும் சேர்த்துப் பிடித்திருக்கிறீர்கள். ஆனால் கை நனையாது. அந்த நீர் படிகச் சட்டத்துக்குள் அதற்குரிய இடத்தில் பூட்டப்பட்டிருக்கிறது. பாரிஸ் வீடுகளைக் காத்ததும் இதுதான். தீ நெருங்கினால் முதலில் இந்த நீர் ஆவியாக வேண்டும். அது முழுவதும் போகும்வரை சாந்தின் பின்னால் இருக்கும் மரத்தின் உஷ்ணம் அவ்வளவாக ஏறாது.

இந்தப் பரிசோதனையில் எனக்கு மிகவும் பிடித்தது லவாய்சியரின் தராசு. ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகக் கொத்தர்கள் சூளையில் ஜிப்சம் சுட்டார்கள். ஆவி போவதைப் பார்த்தார்கள். தண்ணீர் விட்டால் சூடாகி இறுகுவதையும் பார்த்தார்கள். போனதும் வந்ததும் ஒன்றே என்று காட்ட எடைபோட்டுப் பார்க்கும் ஒருவர் வேண்டியிருந்தது.

மாவு சாகவில்லை

சாக்பீஸ் மாவு செத்துப்போகவில்லை, வயிறு நிறைந்திருக்கிறது. நம் கடைகளில் விற்கும் சாக்பீஸ் பெரும்பாலும் பாரிஸ் சாந்தை வார்த்துச் செய்தது. வார்த்து இறுகிய அந்தக் கணமே அது ஜிப்சமாகிவிட்டது. அதை அரைத்துத் தண்ணீர் விட்டால், ஏற்கெனவே வேண்டிய நீரெல்லாம் உள்ளே இருப்பதால் அது மேற்கொண்டு எதையும் எடுத்துக்கொள்ளாது. அப்படியானால் அந்த நீரை வெளியேற்றிவிட்டால்?

வீட்டில் உபயோகத்தில் இல்லாத இரும்புத் தோசைக்கல் ஒன்று இருந்தது. சாக்பீஸ் துண்டுகளை நன்றாகக் காயவைத்து அரைத்து, 200 கிராம் நிறுத்து, அதில் பரப்பி மிதமான தீயில் கிளறினேன். அடுப்பு வேலை என்னுடையது. பிள்ளைகள் தள்ளி நின்றார்கள். சற்று நேரத்தில் ஒரு வேடிக்கை. உலர்ந்த மாவு கஞ்சி கொதிப்பது போல் கொதிக்க ஆரம்பித்தது! உள்ளிருந்து நீராவி முட்டிக்கொண்டு வருவதால் மாவு சின்னச் சின்னக் குழிகளாக வெடித்துப் புரண்டது. மேலே ஒரு குளிர்ந்த எவர்சில்வர் தட்டைப் பிடித்தேன். அடியில் முத்து முத்தாக நீர்த்துளிகள். "காஞ்ச பொடியிலேர்ந்து தண்ணி!" என்று மகள் கத்தியது தெருமுனை வரை கேட்டிருக்கும்.

கொதிப்பு அடங்கியதும் இறக்கி ஆறவைத்து நிறுத்தோம். 170 கிராம். கணக்குப்படி பார்த்தால், இந்தக் கட்டத்தில் படிகநீரில் நான்கில் மூன்று பங்கு போகும். தூய ஜிப்சமானால் 200 கிராமுக்கு சுமார் 31 கிராம் குறைய வேண்டும். சாக்பீஸில் களிமண் போன்ற வேறு சரக்கும் கொஞ்சம் இருக்கும். ஆக 30 கிராம் என்பது எங்கள் சமையலறைத் தராசுக்கு நல்ல விடைதான்.

மிச்சம் இருக்கும் அந்தக் கால்பங்கு நீர் முக்கியமானது. 120 முதல் 160 டிகிரி செண்டிகிரேடு உஷ்ணத்தில் முக்கால் பங்கு நீர் போய், கால் பங்கு தங்கிவிடும்போது கிடைப்பதே பாரிஸ் சாந்து. இதைத் திட்டமாகக் கண்டு சொன்னவர் இன்னொரு பிரெஞ்சுக்காரர், லீ சாட்லியர், 1880களில். வேதிச் சமநிலை விதியில் நீங்கள் படித்த அதே லீ சாட்லியர்தான். மிகக் கடுமையாகச் சுட்டு எல்லா நீரையும் விரட்டிவிட்டால் மாவு தண்ணீரை ஏற்கும் ஆவலையே ஏறக்குறைய இழந்துவிடும். என் மகன் சொன்ன செத்த மாவு என்பது அப்போதுதான் பொருந்தும். வாணலியை அடுப்பில் மறந்துவிடாதீர்கள்.

170 கிராம் மாவில் 110 மில்லிலிட்டர் தண்ணீர் கலந்தோம். அச்சு வேண்டுமே? பழைய கல்யாணப் பத்திரிகைகளைச் சுருட்டி, உள்ளே எண்ணெய் தடவிய காகிதம் வைத்து, நூலால் கட்டி, அடியைக் கோதுமை மாவுப் பசையால் அடைத்தோம். மகனுக்கு அது திருப்தியில்லை. கொல்லையில் இருந்த பப்பாளி மரத்திலிருந்து இலைக் காம்புகளை ஒடித்து வந்தான். உள்ளே குழல் போல் காலியாக இருப்பதால் நல்ல அச்சுத்தான். என்ன, சாக்பீஸ் சற்று வளைந்து வந்தது. ஊற்றிக் கொஞ்ச நேரத்தில் காகிதக் குழலைத் தொட்டுப் பார்த்தவன் கையை இழுத்துக்கொண்டான். "அப்பா, சுடுது!"

அடுப்பில் இல்லை, வெயிலில் இல்லை, பச்சைத் தண்ணீர்தான் ஊற்றினோம். சூடு எங்கிருந்து வந்தது? தோசைக்கல்லில் நீரை விரட்ட நாம் வெப்பம் கொடுத்தோம் அல்லவா? நீர் திரும்பிவந்து படிகத்தில் அமரும்போது அந்தக் கடனில் ஒரு பகுதியை மாவு திருப்பித் தருகிறது. வெப்பக் கணக்கைக் கல்லூரியில் கரும்பலகையில் எத்தனையோ முறை போட்டிருக்கிறேன். அந்தக் கணக்கை எழுதிய சாக்பீஸுக்குள்ளேயே அது இருந்தது என்பது எனக்கு அன்றுதான் உறைத்தது.

இறுகுவது எப்படி என்பதையும் லீ சாட்லியர் விளக்கினார். சுட்ட மாவு ஜிப்சத்தை விட நீரில் அதிகம் கரையும். ஒரு லிட்டர் நீரில் ஜிப்சம் இரண்டு கிராமுக்குச் சற்று அதிகமாகக் கரையுமென்றால், மாவு அதைப்போல் சில மடங்கு கரையும். ஆகவே மாவு கரைந்த நீர், ஜிப்சத்தைப் பொறுத்தவரை தாங்க முடியாத சுமையைச் சுமக்கிறது. உடனே ஜிப்சம் ஊசி ஊசியான படிகங்களாகப் பிரிந்துவிடுகிறது. அந்த இடத்துக்கு இன்னும் கொஞ்சம் மாவு கரைகிறது. ஊசிகள் ஒன்றையொன்று குத்திப் பின்னிக்கொண்டு கட்டியாகின்றன. இதில் ஒரு வீட்டுக் குறிப்பும் உண்டு. முந்தின முறை கலக்கிய பாத்திரத்தைக் கழுவாமல் மறுபடி கலக்கினால், ஒட்டியிருக்கும் பழைய ஜிப்சத் துணுக்குகள் வித்துகளாக அமைந்து, நீங்கள் அச்சில் ஊற்றுவதற்குள் எல்லாம் இறுகிவிடும். இரண்டாம் தடவை எங்களுக்கு அப்படித்தான் ஆயிற்று.

மகள் ஒரு சாக்பீஸ் கூட விடாமல் எல்லாவற்றையும் தினமும் நிறுத்து எழுதினாள். முதல் நாள் மாவும் நீருமாக 280 கிராம் இருந்தது நாளுக்கு நாள் குறைந்து, ஒரு வாரத்தில் 198 கிராமில் நின்றுவிட்டது. அதன்பின் வெயிலில் வைத்தும் குறையவில்லை. இரண்டு கிராம் பாத்திரத்திலும் குழலிலும் ஒட்டியிருக்கும் என்று வைத்துக்கொண்டால், தோசைக்கல்லில் போன 30 கிராம் திரும்ப வந்துவிட்டது. லவாய்சியர் இருந்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார்.

ஆவியாகிப் போன மிச்ச நீர் வீண் என்று நினைத்துவிடாதீர்கள். மாவுக்கு உண்மையில் தேவை 30 கிராம் நீர்தான். நாம் ஊற்றியது 110. எஞ்சிய 80 கிராம் நீர் இருந்த இடமெல்லாம் காய்ந்தபின் நுண்ணிய துளைகளாகின்றன. அந்தத் துளைகளால்தான் சாக்பீஸ் இலேசாக, மென்மையாக, தேய்த்தால் உதிர்வதாக இருக்கிறது. நீரைக் குறைத்துக் கெட்டியாகக் கலக்கினால் சாக்பீஸ் கல்லாகிவிடும், எழுதாது, கீறும். ஆக எழுதுவது என்னவோ ஜிப்சம்தான் என்றாலும், எழுதவைப்பது அதிலிருந்து ஓடிப்போன தண்ணீர்.

எழும்பூர் மணலும் எடின்பரோ பலகையும்

சாக்பீஸ் பள்ளிக்கூடத்துக்கு வந்த கதையில் நம் ஊருக்கும் ஒரு பங்கு உண்டு. 1789 இல் சென்னை எழும்பூரில் ராணுவத்தினரின் அநாதைப் பிள்ளைகளுக்காக நடந்த பள்ளியின் பொறுப்பை ஆண்ட்ரூ பெல் என்ற ஸ்காட்லாந்துப் பாதிரியார் ஏற்றார். மலபார் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் படிப்பதை ஒரு நாள் அவர் பார்த்தார். அந்தக் காலத்து ஆங்கிலேயர் தமிழரையும் மலபார் என்றே எழுதுவார்கள். நம் திண்ணைப் பள்ளிக்கூடங்களில் காலங்காலமாக நடந்த வழக்கம்தான். காகிதமும் மையும் செலவில்லாத இந்த முறையைத் தம் பள்ளியிலும் கொண்டுவர அவர் விரும்பினார். ஆசிரியர்கள் முகம் சுளித்தார்கள். உடனே பெல், ஜான் ஃபிரிஸ்கன் என்ற 8 வயது மாணவனையே சின்னப் பிள்ளைகளுக்கு ஆசிரியனாக்கிவிட்டார். மாணவர் மாணவருக்குக் கற்பிக்கும் இந்த ஏற்பாட்டைப் பற்றி அவர் 1797 இல் லண்டனில் ஒரு நூல் வெளியிட்டார். மதராஸ் முறை என்ற பெயரில் அது பிரிட்டன் முழுவதும் பரவியது.

பெரிய வகுப்பு என்றால் எல்லாருக்கும் ஒரே நேரத்தில் காட்ட ஒரு பெரிய பரப்பு வேண்டும். அமெரிக்காவில் வெஸ்ட் பாயிண்ட் ராணுவப் பயிற்சி இடத்தில் ஜார்ஜ் பாரன் 1801 இல் கரும்பலகையில் கணிதம் கற்பித்தார். எடின்பரோவில் 1810 இல் தலைமையாசிரியரான ஜேம்ஸ் பில்லன்ஸ் தாமும் மாணவர் துணை ஆசிரியராகும் முறையைக் கையாண்டவர். பூகோளம் கற்பிக்க அவர் கரும்பலகையில் வண்ணச் சாக்குகளால் நதிகளும் மலைகளும் வரைந்தார். சாக் தூளையும் சாயத்தையும் கஞ்சியில் பிசைந்து அவர் அந்தச் சாக்குகளைத் தயாரித்தார் என்று சொல்வார்கள். கஞ்சி என்பது வெறும் பசை. பாரிஸ் சாந்து அங்கே இல்லை. எங்கள் முதல் முயற்சியில் தண்ணீருக்குப் பதில் கஞ்சி விட்டிருந்தால் ஒருவேளை தப்பித்திருப்போம்!

பாறையை வெட்டி எடுத்த சாக்கில் ஒரு தொல்லை உண்டு. இடையிடையே சிக்கிமுக்கிக் கல்லின் துணுக்குகள் இருக்கும், பலகையைக் கீறிவிடும். அச்சில் வார்த்த சாக்பீஸ் ஒரே சீராக இருக்கும். துளைகள் வரிசையாக உள்ள உலோக அச்சு, அதில் தடவ மண்ணெண்ணெயும் கடலை எண்ணெயும், ஒரு மூட்டை பாரிஸ் சாந்து, நல்ல வெயில் இவ்வளவு இருந்தால் போதும். நம் நாட்டில் இது குடிசைத் தொழிலாக வேரூன்றியது இதனால்தான். பொருள் மாறியும் பெயர் மட்டும் மாறவில்லை. ஆங்கிலத்தில் சாக், நம் பாடப்புத்தகத்தில் சுண்ணக்கட்டி; இரண்டுமே இன்று பெரும்பாலும் பொருந்தாப் பெயர்கள். கார்பனேட்டில் செய்யும் சாக்பீஸ்களும் இல்லாமல் இல்லை. தூசி குறைவு என்று விற்கப்படுபவற்றில் பல அந்த ரகம். ஜப்பானில் ஹகோரோமோ என்ற கம்பெனியின் சாக்கு அப்படிப்பட்டது. 2015 இல் அந்தக் கம்பெனி மூடப்படப்போகிறது என்றதும் அமெரிக்கக் கணித அறிஞர்கள் பலர் பெட்டி பெட்டியாக வாங்கிச் சேர்த்துக்கொண்டார்கள். பிறகு ஒரு கொரியர் இயந்திரங்களை வாங்கித் தம் நாட்டில் தயாரிப்பைத் தொடர்ந்தார். சாக்பீஸ் பிடித்துப் பிழைப்பவர்களுக்கு அந்தக் கவலை புரியும்.

காரையில் கிடைத்தது

சென்ற கோடை விடுமுறையில் பிள்ளைகளைப் பெரம்பலூர் மாவட்டத்துக் காரைக்கு அழைத்துப் போனேன். மழைநீர் அறுத்து அறுத்துப் பள்ளமும் மேடுமாக்கிய களிமண் பூமி. நிலவியல் அறிஞர்களிடையே உலகப் பிரசித்தமான இடம். பெல்ஜிய அறிஞர் டோமாலியுஸ் தாலுவா 1822 இல் ஐரோப்பாவின் சாக் பாறைகள் படிந்த காலத்துக்குக் கிரெட்டேசியஸ் காலம் என்று பெயர் வைத்தார். லத்தீனில் கிரெட்டா என்றால் சாக். 14 கோடியே 50 லட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் முடிந்த காலம். அதே காலத்தில் கடல் நம் அரியலூர், பெரம்பலூர் வரை உள்ளே வந்திருந்தது. 1840களிலேயே இங்கு ஆங்கிலேயர்கள் சேகரித்த புதைபடிவங்கள் லண்டனுக்குப் போயின. பின்னர் பிளான்போர்டு இந்தப் பாறைகளை அளந்து வரைபடமாக்க, ஸ்டோலிச்கா புதைபடிவங்களை விரிவாக ஆராய்ந்தார்.

இங்கே அம்மோனைட்டு என்ற சுருள் ஓட்டுப் பிராணிகளின் படிவங்கள் உண்டு. ஆனால் டோவரில் உள்ளது போன்ற வெள்ளைச் சாக் சுவர்கள் இல்லை. களிமண்ணின் விரிசல்களில் கண்ணாடி நரம்பு போல் பளபளத்து ஓடிக்கொண்டிருந்தது என்ன தெரியுமா? ஜிப்சம். ஊட்டத்தூர் வட்டாரத்து ஜிப்சம் வெகு காலமாக அறியப்பட்டது. இந்தியாவின் பெரும்பகுதி ஜிப்சம் ராஜஸ்தானில் கிடைக்கிறது. தூத்துக்குடி உப்பளங்களில் உப்பு விளையும்போது உடன் படிவதும் உண்டு. சாக்கின் பெயர் கொண்ட காலத்துப் பாறையில் சாக் இல்லாமல், நம் சாக்பீஸ் இருந்ததைப் பார்த்து எனக்குச் சிரிப்பு வந்தது. கீழே உதிர்ந்து கிடந்த ஒரு சில்லை மகள் நகத்தால் கீறிப் பார்த்தாள். கோடு விழுந்தது.

செய்ய நினைப்பவர்களுக்கு

பழைய துண்டுகளை வறுக்கும் சிரமம் வேண்டாம் என்றால் கடையில் பாரிஸ் சாந்து வாங்கிக்கொள்ளுங்கள். இரண்டு டம்ளர் மாவுக்கு ஒரு டம்ளரும் சற்று மேலும் தண்ணீர். தண்ணீரை முதலில் எடுத்து அதில் மாவைத் தூவ வேண்டும். மாறிச் செய்தால் கட்டி தட்டும். நிறத்துக்குக் காவிப்பொடி, துணிக்குப் போடும் நீலம், மஞ்சள் பொடி எல்லாம் ஆகும். நிறப்பொடி அதிகமானால் சாக்பீஸ் பலவீனமாகும். மாவு பறக்கும்போது மூக்கில் துணி கட்டிக்கொள்வது நல்லது. மீந்த குழம்பைக் குப்பையில் இறுகவிட்டு எறியுங்கள். நான் சமையலறைத் தொட்டியில் ஊற்றிவிட்டு, குழாய்க்குள்ளேயே ஒரு நீண்ட சாக்பீஸ் செய்தேன். குழாயை அறுத்து எடுக்க ஆள் வர வேண்டியிருந்தது. வீட்டில் இன்றும் அந்தப் பேச்சு ஓயவில்லை.

ஒன்று மட்டும் விளையாட்டல்ல. பிள்ளைகள் கையை மாவுக் குழம்புக்குள் விட்டு அச்சு எடுக்க ஆசைப்படுவார்கள். ஒருபோதும் விடாதீர்கள். மெல்லிய குழலில் வெதுவெதுப்பாகத் தெரியும் அதே சூடு, ஒரு வாளி அளவு இறுகும்போது 60 டிகிரி வரை ஏறும். இறுகிவிட்டால் கையை உருவவும் முடியாது. 2007 இல் இங்கிலாந்தில் ஒரு பள்ளி மாணவி ஓவிய வகுப்பில் இப்படிச் செய்து விரல்களில் பெரும்பாலானவற்றை இழந்தாள். எலும்பு முறிவுக்கு டாக்டர்கள் கட்டும் மாவுக்கட்டும் இதே சாந்துதானே என்று கேட்பீர்கள். டச்சு ராணுவ மருத்துவர் மத்தெய்சன் 1851 இல் கண்டுபிடித்த அந்த முறையில் மாவு துணியில் மெல்லிய படலமாக இருக்கிறது. சூடு வெளியேற வழி உண்டு.

எங்கள் தெருவின் பாண்டிக் கட்டங்கள் முதல் மழையிலேயே போய்விட்டன. தேய்ந்த துண்டுகளைப் பிள்ளைகள் பழைய பிஸ்கட் டப்பாவில் சேர்த்துவருகிறார்கள். டப்பா நிறைந்ததும் மறுபடி தோசைக்கல்.

அந்த எட்டாம் வகுப்புப் பெண்ணுக்குப் பள்ளி முகவரிக்கு ஒரு கடிதம் எழுதி, எங்கள் குண்டு சாக்பீஸ் இரண்டையும், ஒரு நண்பர் தந்த உண்மையான சீமைச் சுண்ணாம்புத் துண்டு ஒன்றையும் சேர்த்து அனுப்பினேன். எது எது என்று எழுதவில்லை. நீங்கள் எடுத்துவைத்த சாக்பீஸ் பக்கத்தில்தான் இருக்கிறதா? ஒரு கிண்ணத்தில் கொஞ்சம் வினிகர் ஊற்றி, ஒரு சிறு துண்டைப் பொடித்துப் போடுங்கள். பக்கத்தில் இன்னொரு கிண்ணத்தில் முட்டை ஓட்டுப் பொடி இருக்கட்டும். ஒரு நிமிடம் காத்திருந்து இரண்டையும் பாருங்கள்.